அமெரிக்காவில் மாநிலம் மாறினால் பியூட்டிஷியன் லைசென்ஸ் செல்லுமா? தெரிஞ்சுக்க வேண்டியவை

அமெரிக்காவில் முடி வெட்டவும், ஃபேஷியல் செய்யவும் லைசென்ஸ் கட்டாயம். கையில் லைசென்ஸ் இருக்கே, எந்த ஊர் போனாலும் வேலை பார்க்கலாம்னு நினைச்சா அங்கதான் சிக்கல்.

ஏன் அப்படியே செல்லாது?

இந்த லைசென்ஸைத் தருவது மத்திய அரசு இல்லை, அந்தந்த மாநிலம். பயிற்சி நேரமும் மாநிலத்துக்கு மாநிலம் மாறும். காஸ்மெட்டாலஜி லைசென்ஸுக்கு நியூயார்க், டெக்சாஸில் 1,000 மணி நேரம், நியூஜெர்சி, புளோரிடாவில் 1,200, ஜார்ஜியாவில் 1,500. கலிஃபோர்னியா 2022-ல்தான் 1,600-ஐ 1,000 ஆகக் குறைத்தது.

அதனால் 'டிரான்ஸ்ஃபர்' என்று பேச்சில் சொன்னாலும், நடப்பது புது விண்ணப்பம்தான். பழைய லைசென்ஸைக் காட்டி, படிப்பிலிருந்தோ தேர்விலிருந்தோ விலக்கு கேட்கிறோம். நேரம் குறைந்தால் சில மாநிலங்கள் பணி அனுபவத்தைக் கணக்கில் எடுக்கும். சில இடங்களில் மீதி நேரம் படிக்கணும் அல்லது தேர்வு எழுதணும்.

என்ன பண்ணணும்?

• பழைய லைசென்ஸைக் காலாவதியாக விடாதீங்க. பெரும்பாலான மாநிலங்கள் நடப்பில் உள்ள லைசென்ஸைத்தான் ஏற்கும்.
• பழைய மாநில வாரியத்திடம் சான்று கேளுங்க. பல இடங்களில் அது வாரியத்திலிருந்து வாரியத்துக்கு நேரடியாகப் போகணும். நீங்க எடுக்கும் ஜெராக்ஸ் செல்லாது.
• பாஸ்போர்ட், லைசென்ஸ், கல்விச் சான்று எல்லாவற்றிலும் பெயர் ஒன்றாக இருக்கணும். இனிஷியல், கணவர் பெயர் குழப்பம் இருந்தால் முன்பே சரி செய்யுங்க.
• புது லைசென்ஸ் கைக்கு வரும் முன் வேலையில் சேராதீங்க. அபராதம் வரலாம்.

த்ரெடிங் மட்டும் தெரிந்தவர்களுக்கு?

இந்தியப் பெண்கள் அதிகம் கவனிக்க வேண்டியது இதுதான். த்ரெடிங் செய்ய 750 மணி நேரப் படிப்பைக் கட்டாயமாக்கியது செல்லாது என்று 2015-ல் டெக்சாஸ் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அங்கே லைசென்ஸ் இல்லாமலே த்ரெடிங் செய்யலாம். ஆனால் அதற்கும் லைசென்ஸ் கேட்கும் மாநிலத்துக்குக் குடிபோனால், எத்தனை வருஷ அனுபவம் இருந்தாலும் மாற்றிக்கொள்ளக் கையில் லைசென்ஸே இருக்காது.

எளிய வழி வருமா?

2019-ல் அரிசோனா, வேறு மாநிலத்தில் குறைந்தது ஓராண்டு லைசென்ஸ் வைத்திருந்தவர்களை ஏற்கும் சட்டத்தை முதலில் கொண்டு வந்தது. அடுத்து, பல மாநிலங்களுக்கு ஒரே லைசென்ஸ் தரும் ஒப்பந்தம் உருவானது. அரிசோனா, கென்டக்கி, வர்ஜீனியா உள்ளிட்ட மாநிலங்கள் இதில் சேர்ந்துள்ளன. சட்டம் வந்த உடனே லைசென்ஸ் வந்துவிடாது. விண்ணப்பம் வாங்குகிறார்களா என்று பார்த்துவிட்டு முடிவெடுங்க.

விசாவும் முக்கியம்

லைசென்ஸ் வேறு, வேலை அனுமதி வேறு. எச்-4 விசாவில் இருப்பவர்கள் தனியாக வேலை அனுமதி பெறாமல், லைசென்ஸை மட்டும் வைத்து சம்பளத்துக்கு வேலை பார்க்க முடியாது.

வீடு மாற்றும் தேதி முடிவானதுமே புது மாநில வாரியத்தின் இணையதளத்தைப் பாருங்க. சான்று வர வாரக்கணக்கில் ஆனால், அத்தனை நாளும் வருமானம் இல்லாமல்தான் இருக்கணும்.