ஏரி வாரியம் முதல் குடிநீர் வாரியம் வரை

புதிய அரசு பொறுப்பேற்ற சில மாதங்களில் நாளிதழ்களில் ஒரு பட்டியல் தவறாமல் வரும்: யார் யாருக்கு வாரியத் தலைவர் பதவி. கட்டட வேலைக்குப் போகிறவரிடம் பேச்சுக் கொடுத்தால், "வாரியத்துல பதிஞ்சாச்சு, அட்டை வந்துருச்சு" என்கிறார். ஆசிரியர் வேலைக்குப் படிப்பவர்கள் தேர்வு வாரியத்தின் அறிவிப்புக்காகக் காத்துக் கிடக்கிறார்கள். இந்த இடங்களிலெல்லாம் வாரியம் என்பது சென்னையில் தலைமையகமும், அரசாணையால் அமர்த்தப்பட்ட தலைவரும் கொண்ட ஓர் அமைப்பு. ஆயிரத்து நூறு ஆண்டுகளுக்கு முன் இதே சொல், ஊரார் தம்முள் சிலரைத் தேர்ந்து ஓராண்டுக்கு ஒரு பொறுப்பை ஒப்படைத்த குழுவைக் குறித்தது. ஊரின் குழுவுக்குரிய பெயர் மாநிலத் தலைநகருக்குப் போய்ச் சேர்ந்த வரலாறு, நம் நகராட்சிகளின் கையிலிருந்து என்னென்ன போயின என்பதன் வரலாறும்கூட.

வாரி என்றால் வருவாய், விளைச்சல். வாரம் என்றால் பங்கு. மேல்வாரம், குடிவாரம் என்று நிலவரிப் பேச்சில் நெடுங்காலம் புழங்கியது. வாரியத்தை இந்தச் சொற்களோடு சேர்ப்பவர்கள் உண்டு. தேர்ந்தெடுத்தலைக் குறிக்கும் வடசொல்லோடு சேர்ப்பவர்களும் உண்டு. எனக்கு முக்கியமாகப் படுவது கல்வெட்டுகளில் அந்தச் சொல் ஏற்கும் வினை. அங்கே ஒருவர் 'வாரியம் செய்கிறார்'. இன்று வாரியத்தில் இருக்கிறார்கள், வாரியத்துக்குத் தலைமை ஏற்கிறார்கள். வாரியம் செய்தல் என்ற வழக்கே இல்லை.

உத்திரமேரூர்க் கல்வெட்டைப் பள்ளிப் பாடத்தில் எல்லோரும் படித்திருக்கிறோம். முதலாம் பராந்தக சோழனின் 12ஆம், 14ஆம் ஆட்சியாண்டுகளில், அதாவது 919இலும் 921இலும், இரண்டு முறை வெட்டப்பட்ட விதிகள் அவை. ஊர் 30 குடும்புகளாகப் பிரிக்கப்பட்டிருந்தது. ஒவ்வொரு குடும்பிலும் தகுதியுள்ளவர்களின் பெயர்களை ஓலை நறுக்குகளில் எழுதிக் கட்டாகக் கட்டிக் குடத்தில் இட வேண்டும். சபை முழுவதும் கூடியிருக்க, கோயில் பூசகருள் மூத்தவர் ஒருவர் குடத்தை எல்லோரும் காணத் தூக்குவார். உள்ளே இருப்பது என்னவென்று அறியாத சிறுவன் ஒரு கட்டை எடுப்பான். அதைப் பிரித்து வேறொரு குடத்தில் இட்டுக் குலுக்கி, அதிலிருந்து ஓர் ஓலையை எடுப்பான். அந்த ஓலையை வாங்கும் மத்தியஸ்தன் ஐந்து விரலும் அகல விரித்து உள்ளங்கையில் ஏற்க வேண்டும். இன்னோர் ஓலையைக் கைக்குள் மறைத்து வைக்க முடியாதபடிக்கு இந்த ஏற்பாடு. அவர் வாசித்த பிறகு அங்கிருக்கும் பூசகர்கள் எல்லோரும் வாசிக்க வேண்டும்.

இப்படித் தேர்ந்த முப்பது பேரில் 12 பேர் சம்வத்சர வாரியத்துக்கு, 12 பேர் தோட்ட வாரியத்துக்கு, 6 பேர் ஏரி வாரியத்துக்கு. பொன் வாரியத்துக்கும் பஞ்சவார வாரியத்துக்கும் தனிக் குடவோலை. கழனி, கலிங்கு, தடிவழி என வேறு வாரியங்களின் பெயர்களும் அவ்வூர்க் கல்வெட்டுகளில் வருகின்றன. பொறுப்பு 360 நாள். முந்தைய மூன்றாண்டுகளுக்குள் வாரியம் செய்தவர் பெயரைக் குடத்தில் இடக்கூடாது. எந்த வாரியமாவது செய்து கணக்குக் காட்டாமல் போனவர் பெயர் வரவே கூடாது. அவருடைய நெருங்கிய உறவினர் பெயரும் கூடாது.

இதைக் குடியாட்சியின் பொற்காலம் என்று பாடுவதில் எனக்கு உடன்பாடில்லை. அது பிராமணர்களுக்குக் கொடையாக அளிக்கப்பட்ட பிரமதேய ஊர். கால்வேலிக்கு மேல் வரி கட்டும் நிலம், சொந்த மனையில் வீடு, வேதப் பயிற்சி, 35 முதல் 70 வரை வயது என்று தகுதிகள் அடுக்கப்பட்டன. பெண்களுக்கும், அந்த ஊரின் நிலத்தில் உழைத்தவர்களுக்கும் குடத்தில் இடமில்லை. விதி வகுத்த நாளில் அரசனின் அதிகாரி உடன் அமர்ந்திருந்தார் என்பதையும் கல்வெட்டே சொல்கிறது. ஆனாலும் ஏரியைக் காக்கும் குழு ஏரி நீர் பாயும் ஊரிலேயே அமைந்தது; கணக்கையும் அந்த ஊருக்கே காட்டியது. அக்குழுவுக்குப் பெயர் வாரியம்.

பின்னர் அந்த முறை மறைந்தது, சொல்லும் வழக்கொழிந்தது. 1904-05ஆம் ஆண்டின் தொல்லியல் அறிக்கையில் கல்வெட்டறிஞர் வெங்கையா இந்தக் கல்வெட்டுகளை விரிவாக எழுதி வெளிக்கொணர்ந்த காலத்தில், ஊராட்சிக்கு வழங்கிய சொற்கள் வேறு. சென்னைக்கு 1688 முதல் மாநகராட்சி இருந்தது. ரிப்பன் பிரபுவின் 1882ஆம் ஆண்டுத் தீர்மானத்துக்குப் பின் 1884இல் சென்னை மாகாணத்தில் உள்ளாட்சிச் சட்டங்கள் வந்தன. மக்கள் நாவில் முனிசிபாலிட்டி, சேர்மன், ஜில்லா போர்டு, தாலுகா போர்டு. போர்டு ஐஸ்கூலில் படித்தேன் என்று சொல்லும் முதியவர்களை நானே அறிவேன். அந்தப் போர்டுகளுக்கு வரம்புகள் பல உண்டு, சொத்துள்ளவர்களுக்கே வாக்கு. ஆனால் பள்ளியும் சாலையும் தண்ணீரும் அவற்றின் வேலையாகவே இருந்தன. கீழ்ப்பாக்கத்தில் 1914இல் நீர்ச் சுத்திகரிப்பு நிலையம் வந்தபோது அது மாநகராட்சியுடையது. ஈரோட்டு நகரசபைத் தலைவராகப் பெரியார் செய்தவற்றில் இன்றும் பேசப்படுவது, காவிரி நீரைக் குழாயில் ஊருக்குக் கொண்டுவந்தது.

விடுதலைக்குப் பின் தமிழ் ஆட்சிமொழியானது. போர்டு என்ற இடத்தில் கல்வெட்டுச் சொல் வந்து அமர்ந்தது. அழகான தேர்வுதான், குறை சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் அதற்குள் போர்டு என்பதன் பொருளே மாறிவிட்டிருந்தது. ஜில்லா போர்டுகள் கலைந்துகொண்டிருந்தன. மாநில அரசு சட்டமியற்றி அமைக்கும் நிறுவனங்கள் பெருகிக்கொண்டிருந்தன. 1957இல் மின்சார வாரியம். 1961இல் வீட்டு வசதி வாரியம். 1970இல் குடிசை மாற்று வாரியம். 1971இல் குடிநீர் வடிகால் வாரியம். ஊரின் உள்ளே இருந்த குழுவுக்கு 'நிலைக்குழு' என்ற புதுப்பெயர் வந்தது. இலங்கைத் தமிழர் வேறு வழி போனார்கள்: அங்கே மின்சார சபை, மாநகர சபை, பிரதேச சபை என எல்லாமே சபை. உத்திரமேரூரில் முழு அவைக்கு இருந்த பெயர் அது.

சென்னையில் நடந்ததைச் சற்று நின்று பார்க்க வேண்டும். 1973 டிசம்பரில் மாநகராட்சி மன்றம் கலைக்கப்பட்டது. அடுத்த தேர்தல் 1996இல். நடுவே 1978இல் சென்னைப் பெருநகர் குடிநீர் வழங்கல் மற்றும் கழிவுநீரகற்று வாரியம் பிறந்தது. நகரத்தின் தண்ணீரும் சாக்கடையும் கைமாறிய அந்த ஆண்டில், கூடாது என்று சொல்லவோ சரி என்று ஒப்பவோ ஒரு கவுன்சிலர்கூட இல்லை. பெருநகரம் முழுதுக்கும் ஒரே அமைப்பு வேண்டும், பெரிய முதலீடு வேண்டும், பொறியியல் திறன் வேண்டும் என்ற காரணங்கள் பொய்யல்ல. ஆனால் கேட்க வேண்டியவர்கள் இல்லாத நேரத்தில் அந்த முடிவு எடுக்கப்பட்டது.

விளைவை இன்று எந்தத் தெருவிலும் காணலாம். மழைநீர் வடிகால் மாநகராட்சியின் பொறுப்பு. பாதாளச் சாக்கடை வாரியத்தின் பொறுப்பு. மூடி வழியே கறுப்புத் தண்ணீர் பொங்கி வடிகாலில் கலந்தால் வார்டு கவுன்சிலரிடம்தான் முதலில் போவார்கள். அவர் வாரியத்து உதவிப் பொறியாளருக்குத் தொலைபேசியில் சொல்லலாம், ஆணையிட முடியாது. குழாய் பதிக்க வாரியம் தோண்டிய சாலையை மாநகராட்சி மூட வேண்டும். வீட்டுக்கு வரும் வரிச் சீட்டுகளும் இரண்டு: சொத்து வரி மாநகராட்சிக்கு, குடிநீர், கழிவுநீர் வரி வாரியத்துக்கு. இரண்டாவதைக் கணக்கிட எடுத்துக்கொள்வது மாநகராட்சி போட்ட சொத்து மதிப்பையே. பிற ஊர்களிலோ கூட்டுக் குடிநீர்த் திட்டத்தை வாரியம் கட்டி நடத்துகிறது. வந்த நீரை வீடுகளுக்குப் பிரித்துக் கொடுப்பதும், வராத நாளில் திட்டு வாங்குவதும் நகராட்சி.

இதற்கெல்லாம் அரசமைப்பில் இடம் உண்டு. ஏழாம் அட்டவணையின் மாநிலப் பட்டியலில் ஐந்தாம் இனம் உள்ளாட்சி. ஒன்றியம், மாநிலம் என்ற இரண்டு அடுக்குகளுக்கு மட்டுமே அதிகாரம் பிரித்துக் கொடுக்கப்பட்டது. நகராட்சி மாநிலச் சட்டத்தின் படைப்பு. 1993 ஜூனில் நடைமுறைக்கு வந்த 74ஆம் திருத்தம் அதற்குத் தனி இடம் தந்தது. ஐந்தாண்டுக்கு ஒருமுறை தேர்தல் கட்டாயம் என்றது. 12ஆம் அட்டவணையில் 18 பணிகளை எழுதியது; குடிநீர் அவற்றுள் ஐந்தாவது. ஆனால் அவற்றை நகராட்சிகளுக்கு மாநிலச் சட்டமன்றம் 'வழங்கலாம்' என்று மட்டுமே 243டபிள்யூ பிரிவு சொல்கிறது. கட்டாயம் என்ற தேர்தலே தமிழ்நாட்டின் நகரங்களில் 2016 அக்டோபர் முதல் 2022 பிப்ரவரி வரை நடக்கவில்லை. தனி அலுவலர்கள் ஆண்டார்கள். ஊரின் வகைப் பெயர்கூட ஊருக்குச் சொந்தமில்லை. 2004இல் 561 பேரூராட்சிகள் சிறப்பு ஊராட்சிகளாக்கப்பட்டன. 2006இல் மீண்டும் பேரூராட்சிகளாயின.

இப்படித்தான் இருந்தாக வேண்டுமா? மும்பையைப் பாருங்கள். அதே அரசமைப்பு, அதே 12ஆம் அட்டவணை. அங்கே குடிநீர் இன்றும் மாநகராட்சியின் துறை. 2014இல் நிறைவடைந்த மத்திய வைதர்ணா அணையைக் கட்டியதே மும்பை மாநகராட்சிதான். ஒரு மாநகராட்சி அணை கட்டித் தண்ணீர் கொண்டுவர முடிகிறது என்றால், உள்ளூர்க் குழாய்க்குப் பொறுப்பேற்க மற்றொன்றுக்குத் திறன் போதாது என்ற வாதம் நிற்காது.

1974 ஏப்ரலில் தமிழ்நாடு சட்டப்பேரவை மாநில சுயாட்சித் தீர்மானத்தை நிறைவேற்றியது. மக்களுக்கு அருகில் இருக்கும் அரசிடம் அதிகாரம் இருக்க வேண்டும் என்ற அந்த நியாயத்தை நான் முழுமனத்தோடு ஏற்கிறேன். அப்போது சென்னை மாமன்றம் கலைந்து நான்கு மாதம்தான் ஆகியிருந்தது. அதே நியாயம் கோட்டையோடு நிற்காமல் ரிப்பன் மாளிகைக்கும், நகர்மன்றங்களுக்கும், பேரூராட்சி அலுவலகங்களுக்கும் இறங்க வேண்டும். இதற்கு டெல்லியின் ஒப்புதல் தேவையில்லை. உள்ளாட்சியும் குடிநீர் வழங்கலும் மாநிலப் பட்டியலில் இருக்கின்றன. 1978ஆம் ஆண்டுச் சட்டத்தைத் திருத்தி, வாரியம் தன் வரவுசெலவையும் பணித் திட்டத்தையும் ஆண்டுதோறும் மாமன்றத்தின் முன் வைத்து ஒப்புதல் பெற வேண்டும் என்று ஒரு பிரிவு சேர்க்கலாம். பேரவையின் ஒரே கூட்டத்தொடரில் முடியக்கூடிய வேலை அது.