கோதுமையோடு வந்ததா இந்தக் களை?

போன மழைக்காலத்தில் கீழ் வீட்டு மாமி, தொட்டியில் தானாக முளைத்த ஒரு செடிக்கு இரண்டு வாரம் தண்ணீர் ஊற்றி வளர்த்தார். "சாமந்தி வந்திருக்கு, இலையைப் பாருங்கோ" என்றார். பார்த்தேன். பார்த்தீனியம்!

மாமாவுக்கு மாதக்கணக்காகக் கழுத்திலும் கண் இமையிலும் அரிப்பு. சோப்பை மாற்றினார்கள், எண்ணெயை மாற்றினார்கள். கடைசியில் தோல் டாக்டர் பரிசோதித்துச் சொன்னது இதே செடியைத்தான். தொடக்கூட வேண்டாம், காற்றில் வரும் தூளே போதுமாம். "எல்லாம் அமெரிக்காக்காரன் கோதுமையோட அனுப்பினது" என்று மாமி பொரிந்து தள்ளினார்.

நாமும் கேட்டு வளர்ந்த கதைதான். தில்லியில் இது காஜர் காஸ், அதாவது கேரட் புல். இன்னொரு பெயர் காங்கிரஸ் புல். பூ கதர்க் குல்லாய் மாதிரி வெள்ளை என்பதால் அந்தப் பெயர் என்பார்கள் சிலர். அமெரிக்க காங்கிரஸ் தந்த பி.எல். 480 கோதுமையோடு வந்ததால் என்பார்கள் வேறு சிலர்.

பாங்க்காரன் புத்தி, தேதிகளை ஒத்துப் பார்த்தேன். நம் முதல் பி.எல். 480 ஒப்பந்தம் கையெழுத்தானது 1956 ஆகஸ்டில். புனேயில் இந்தச் செடியைக் கண்டதோ 1955-ல். கணக்கு இடிக்கிறது! 1951-லேயே அமெரிக்கக் கடன் கோதுமை வந்ததால், கோதுமையை முழுதாக விடுவிக்கவும் முடியாது. ஆனால் ராக்ஸ்பர்க் 1814-ல் வெளியிட்ட கல்கத்தா தாவரத் தோட்டப் பட்டியலிலேயே இதன் பெயர் இருக்கிறது.

எப்படி வந்திருந்தாலும், பரப்பியது நாம்தான். ஒரு செடி பதினைந்தாயிரம் விதை வரை போடும். காற்று, மழைநீர், லாரி டயர், நாம் வாங்கும் எருமூட்டை என்று எல்லாவற்றிலும் அது பயணம் செய்யும். தோண்டிப்போட்ட சாலையோரமும் காலி மனையும் அதற்குச் சொர்க்கம். பக்கத்துச் செடிகளை வளரவிடாத ரசாயனமும் அதனிடம் உண்டு. 1983-ல் மெக்சிகோவிலிருந்து ஒரு வண்டை வரவழைத்து, 1984-ல் பெங்களூரில் விட்டார்கள். மழைக்காலத்தில் இலையை மொட்டையடிக்கும். வறண்ட காலத்தில் மண்ணுக்குள் போய்த் தூங்கிவிடும். அதை மட்டும் நம்ப முடியாது.

சரி, வீட்டில் என்ன செய்வது? இளஞ்செடி தரையோடு வட்டமாகப் படர்ந்திருக்கும். பிறகு தண்டு எழும்பும். அதில் நீளவாக்கில் வரிகளும் மெல்லிய ரோமமும் இருக்கும். அப்புறம் சின்னச் சின்ன வெள்ளைப் பூ. பூப்பதற்கு முன், மழை பெய்து மண் இளகியிருக்கும்போது, கையுறை போட்டு வேரோடு பிடுங்குங்கள். பூத்துவிட்டால் பையில் போட்டுக் கட்டிவிடுங்கள், எருக்குழியில் போடாதீர்கள். நடைபாதை இடுக்குகளில் லிட்டருக்கு 200 கிராம் சமையல் உப்பு கரைத்துத் தெளிக்கலாம். தொட்டிக்கும் பாத்திக்கும் வேண்டாம், மண் கெடும். காலி இடத்தில் மழைக்கு முன் தகரை விதை தூவினால் இதற்கு இடம் கிடைக்காது. ஏற்கெனவே அரிப்பு உள்ளவர்கள் கிட்டேயே போகக்கூடாது.

மாமாவை மாடியிலேயே இருக்கச் சொல்லிவிட்டு, மாமியும் நானும் ஒரு ஞாயிற்றுக்கிழமை காம்பவுண்டைச் சுத்தம் செய்தோம். மூன்று மூட்டை! சுவருக்கு அந்தப் பக்கம் காலி மனை. அங்கே அது பூத்துக்கொண்டிருக்கிறது. அடுத்த ஞாயிறு அங்கேதான்.