ரேகைச் சட்டத்தின் தப்புக் கணக்கு

சில சமூகங்களைப் பிறப்பிலேயே குற்றவாளிகளாகப் பட்டியலிட்ட குற்றப்பரம்பரைச் சட்டம் 1911-ல் விரிவாக்கப்பட்டுச் சென்னை மாகாணத்துக்கும் வந்தது. மதுரையை அடுத்த கீழக்குயில்குடியில் தொடங்கி, சில ஆண்டுகளுக்குள் பிரமலைக் கள்ளர் சாதியினரின் நாடு முழுவதையும் அது வளைத்துக்கொண்டது. உசிலம்பட்டிப் பக்கம் இதை ரேகைச் சட்டம் என்பார்கள். பதிவேட்டில் பெயர் ஏறியவர் பத்து விரல்களையும் மையில் உருட்டி ஒற்றித் தர வேண்டும்; குறித்த நேரத்தில் போலீஸ் முன் ஆஜராக வேண்டும்; ஊரைவிட்டுப் போக ராதாரிச் சீட்டு வாங்க வேண்டும். 1920 ஏப்ரல் 3 அன்று, சேடபட்டியை அடுத்த பெருங்காமநல்லூரில் ரேகை வைக்க மறுத்துத் திரண்டவர்கள்மீது போலீஸ் சுட்டதில் மாயக்காள் உட்படப் பலர் மாண்டார்கள். இந்த வரலாறு கொடுமையின் வரலாறாகவே எழுதப்பட்டிருக்கிறது; அதில் தவறில்லை. ஆனால் அந்தச் சட்டம் தப்புக் கணக்கும்கூட. எது மாறாதது, எதைத் திருப்பிப் போடலாம் என்ற இரண்டு கேள்விகளிலும் அது சறுக்கியது. கணிதத்தில் இவற்றுக்கு மாறிலி, நேர்மாறு என்று பெயர். அந்தக் கருத்துகளைத் துல்லியமாகப் பிடித்துக்கொண்டால், சட்டம் எந்த இடத்தில் பிசகியது என்பது தெரிந்துவிடும்.

ரேகையைக் கொண்டு ஆளை அறியும் முறை பெரும்பாலும் வங்காளத்தில் வளர்ந்தது. 1858-ல் ஜங்கிபூரில் வில்லியம் ஹெர்ஷல் ஓர் ஒப்பந்தத்தில் கையச்சு வாங்கினார். விரல் ரேகை ஆயுள் முழுதும் மாறுவதில்லை என்பதை 1892-ல் பிரான்சிஸ் கால்ட்டன் தம் நூலில் நிறுவினார். 1897-ல் கல்கத்தாவில் ரேகைக் காப்பகம் அமைந்தது. எட்வர்ட் ஹென்றியின் பெயரால் வழங்கும் வகைப்பாட்டில் கணக்கு வேலையின் பெரும்பங்கு அசிசுல் ஹக், ஹேமச்சந்திர போஸ் ஆகியோருடையது. அதன் அடிப்படை எளிது. வலக்கைப் பெருவிரல் முதல் சுண்டுவிரல் வரை 1 முதல் 5, இடக்கையில் அதே வரிசையில் 6 முதல் 10. இரண்டிரண்டு விரலாகச் சேர்த்து 16, 8, 4, 2, 1 என மதிப்பு தரப்படும். ரேகை சுழியாக இருக்கும் விரலுக்கு மட்டுமே அந்த மதிப்பு. வில்லாகவோ கண்ணியாகவோ இருந்தால் சுழியம். இரட்டை எண் விரல்களின் கூட்டுத்தொகையோடு 1 சேர்த்தால் பின்னத்தின் மேல் எண். ஒற்றை எண் விரல்களுக்கும் அப்படியே செய்தால் கீழ் எண். வலக்கை ஆள்காட்டி விரலிலும் மோதிர விரலிலும் மட்டும் சுழி உள்ளவருக்கு 16+8+1, அதாவது 25/1. மேலே 32, கீழே 32 எண்கள் வரலாம் என்பதால் மொத்தம் 1,024 அறைகள்.

முதல் கேள்வி, எது மாறாதது? காகிதத்தில் ஒற்றிய ரேகை, விரலில் உள்ளதன் கண்ணாடிப் பிம்பம். இடம் வலமாகத் திரும்பினாலும் சுழி சுழிதான். கண்ணி சாயும் திசையோ மாறிவிடும். அதே சுழிகள் இடக்கை ஆள்காட்டியிலும் மோதிர விரலிலும் இருந்தால், 25/1 என்ற எண் 1/4 ஆகிவிடும். ஆகவே மாறாதது என்று மொட்டையாக எதையும் சொல்ல முடியாது. எந்த மாற்றத்தைப் பொறுத்து மாறாதது என்றும் சேர்த்துச் சொல்ல வேண்டும். வயது ஏறினாலும் ரேகை மாறிலி. பிம்பம் திரும்பினாலும் சுழி மாறிலி. கையை மாற்றினால் எண் மாறிலி அல்ல. கால்ட்டன் நிறுவியது தோலின் மாறாமையை மட்டுமே. சட்டமோ ஒரு சமூகத்தின் சுபாவமும் மாறாதது என்று எடுத்துக்கொண்டது. எந்த மாற்றத்தைப் பொறுத்து என்று அது கேட்கவே இல்லை.

இரண்டாவது பிழை திசையில் நடந்தது. பத்து விரலிலிருந்து எண்ணுக்குப் போகலாம். எண்ணிலிருந்து ஆளுக்குத் திரும்ப வழியில்லை, ஏனென்றால் ஓர் அறையில் பலர் இருப்பார்கள். இப்படிப் பலரை ஒரே எண்ணுக்கு அனுப்பும் கணிதச் சார்புக்கு நேர்மாறு கிடையாது. களவு செய்தவர்களில் சிலர் இந்தச் சாதியினர் என்பதைத் திருப்பி, இந்தச் சாதியினர் எல்லாரும் களவு செய்பவர்கள் என்று படித்தது அதே வகைத் தவறு. பெருங்காமநல்லூரில் சுட்ட அதே 1920-ல் கைதிகள் அடையாளச் சட்டமும் வந்தது. அதன்படி முதலில் குற்றச்சாட்டோ தண்டனையோ இருக்க வேண்டும், ரேகை பிறகுதான். முன் தண்டனை இல்லாதவர் விடுதலையானால் பதிவை அழிக்கவும் அது இடம் தந்தது. குற்றப்பரம்பரைச் சட்டத்தில் வரிசை தலைகீழ்: முதலில் பிறப்பு, அடுத்து ரேகை, குற்றம் பிறகு வந்தால் வரட்டும் என்பது கணக்கு.

அந்தக் காலத்தில் களவு நடந்ததே, அதிகாரிகள் கற்பனையா செய்தார்கள் என்று கேட்கலாம். நடந்தது உண்மை. ஆனால் களவின் பக்கத்திலேயே காவலும் இருந்தது. ஊர்க்காவலுக்குக் கூலி பெறுவது, தொலைந்த மாட்டை மீட்டுத் தரத் துப்புக்கூலி வாங்குவது என்று அது ஒரு பிழைப்பு முறை. 1896 வாக்கில், கள்ளர் காவலுக்கு எதிராக எழுந்த பண்டு இயக்கம் பல ஊர்களில் அதை ஒழித்தது. பிழைப்பு மாறும்போது நடத்தையும் மாறுமா என்பதை மதுரை மாவட்டத்திலேயே பார்க்க முடிந்தது. 1895-ல் பெரியாறு அணை நீர் வந்தபின் மேலூர்ப் பக்கக் கள்ளர்கள் உழவில் ஊன்றினார்கள். அதை அரசுத் தரப்பே குறிப்பிட்டது. உசிலம்பட்டி மேட்டு நிலத்துக்கு அந்த நீர் எட்டவில்லை. மானாவாரிச் சாகுபடியே கதி. களவு ரத்தத்தில் ஊறியது என்றால் வாய்க்கால் தண்ணீருக்கு அது அசைந்திருக்கக் கூடாது. அரசே தன் கொள்கையை நம்பவில்லை என்பதற்கும் சான்று இருக்கிறது. பெருங்காமநல்லூருக்குப் பின் கள்ளர் சீரமைப்பு என்ற பெயரில் பள்ளிகளையும் கூட்டுறவுச் சங்கங்களையும் தொடங்கியது அதே அரசு. பிறவியிலேயே மாறாதவர் என்று ஒரு பதிவேடு. படித்தால் மாறுவார் என்று இன்னொரு பதிவேடு. இரண்டும் ஒருசேர உண்மையாக இருக்க முடியாது.

ரேகைக் கலையின்மேல் பழி போடுவதா என்றும் சிலர் கேட்பார்கள். அது தேவையில்லை. ஒரு தடயம் இன்னார் விரலுடையதா என்ற கேள்விக்கு ரேகை நல்ல பதில் தருகிறது. அவர் எப்படிப்பட்டவர் என்ற கேள்வி அதன் எல்லைக்குள் வராது. ஆனால் கருவி நடுநிலையானது என்று சொல்லித் தப்பிக்கவும் முடியாது. யாருடைய விரல்கள் பதிவாகின்றன என்பதே பதிவேடு தரும் விடையைப் பாதி தீர்மானித்துவிடுகிறது. ஒரே சாதியின் ரேகைகளைக் குவித்து வைத்தால், தேடும்போது கிடைப்பவர்களும் அந்தச் சாதியினராகவே இருப்பார்கள். சட்டம் தன் ஊகத்துக்குத் தானே சான்று தயாரித்துக்கொள்ளும்.

சென்னை மாகாணத்தில் 1947-ல் சட்டம் ஒழிந்தது. நாடு முழுதும் 1952-ல் நீங்கியது. பட்டியலில் இருந்தவர்கள் இன்று சீர்மரபினர். கள்ளர் சீரமைப்புப் பள்ளிகள் மதுரை, தேனி, திண்டுக்கல் மாவட்டங்களில் இன்னும் நடக்கின்றன. 1920-ன் கைதிகள் அடையாளச் சட்டத்துக்குப் பதிலாக 2022-ல் வந்த சட்டம், ரேகையோடு கருவிழிப் பதிவையும் பிறவற்றையும் சேர்த்து 75 ஆண்டுகள் வைத்திருக்க அனுமதிக்கிறது. அளவுகள் பெருகலாம், துல்லியம் கூடலாம். ஆனால் உடலின் மாறாத குறியிலிருந்து மனிதரின் குணத்தைத் திருப்பிப் பெறுவதற்கான சூத்திரம் 1911-ல் இல்லை; எத்தனை அளவுகளைச் சேர்த்தாலும் அது பிறக்கப் போவதில்லை. எனவே எந்த அடையாளச் சட்டத்திடமும் கேட்க வேண்டியவை இரண்டு: எந்த மாற்றத்தைப் பொறுத்து இது மாறிலி? இதை எதிர்த்திசையில் படிக்க உங்களுக்கு என்ன ஆதாரம்?