வெங்காய ஊர் டாக்டர் எழுதிய புத்தகம்

லாசல்காவ் என்ற பெயரை பெரம்பலூர் பக்கம் வெங்காயம் போடுகிறவர்கள் கேள்விப்பட்டிருப்பார்கள். மகாராஷ்டிராவில் நாசிக் மாவட்டத்து ஊர், பெரிய வெங்காயத்துக்குப் பேர்போன சந்தை. நம்ம செட்டிகுளத்தில் விளைவது சின்ன வெங்காயம். அதுக்குச் சந்தை வேற, விலை வேற. ஆனால் ஊரின் குணம் ஒண்ணுதான். விலை ஏறினால் கையில் காசு, இறங்கினால் கடன். அப்படிப்பட்ட ஊரில் சுமார் இருபது வருஷம் மகப்பேறு மருத்துவராக இருந்தவர் அருண் கத்ரே.

பிறகு அவர் புனேயில் உள்ள 'ஸாத்தி' என்ற அமைப்போடு சேர்ந்தார். அங்கே அபய் சுக்லா என்ற இன்னொரு மருத்துவரோடு சேர்ந்து செய்த வேலைதான் முக்கியமானது. 78 டாக்டர்களிடம் ஒரே விஷயத்தைக் கேட்டார்கள்: உங்க தொழிலில் என்ன நடக்குது? பதில்கள் 2015-ல் ஓர் அறிக்கையாகவும், 2016-ல் 'டிசென்டிங் டயக்னோசிஸ்' என்ற ஆங்கிலப் புத்தகமாகவும் வந்தன.

பேஷண்டை அனுப்பி வைத்த டாக்டருக்குப் போகும் கமிஷன். எடுத்த ரத்தத்தைத் தொட்டியில் கொட்டிவிட்டு 'நார்மல்' என்று எழுதிக் கொடுக்கும் லேப். இதுக்கு 'சிங்க் டெஸ்ட்' என்றே பேர் இருக்கிறதாம். கார்ப்பரேட் ஆஸ்பத்திரியில் மாதக் கூட்டம் போட்டு, பார்க்க வந்தவர்களில் எத்தனை பேரை ஆபரேஷன் வரை கொண்டுபோனீர்கள் என்று கணக்குக் கேட்பது. இதெல்லாம் ஊரறிஞ்ச ரகசியம்தானே என்று தோன்றலாம். டீக்கடையில் நாம் சொன்னால் அது புலம்பல். டாக்டர்களே, அதுவும் இத்தனை பேர், அச்சில் சொன்னால் அது சாட்சியம். கமிஷன் வாங்காமலே தொழில் நடத்துகிற டாக்டர்களும் இதில் பேசுகிறார்கள். என்னைக் கேட்டால் புத்தகத்தின் பலமே அவர்கள்தான். அவர்கள் இல்லாவிட்டால் இது வெறும் வசைப் புத்தகமாகப் போயிருக்கும்.

நம்ம மாநிலத்துக்கு இது எப்படிப் பொருந்தும்? சிசேரியன் கணக்கைப் பார்ப்போம். தேசியக் குடும்பநல ஆய்வின்படி 2015-16-ல் தமிழ்நாட்டுப் பிரசவங்களில் 34.1 சதவீதம் சிசேரியன். 2019-21-ல் அது 44.9. தனியாரில் மட்டும் 63.8. ஒரு நாட்டில் 10 முதல் 15 சதவீதத்துக்கு மேல் தேவைப்படக் காரணம் இல்லை என்று உலக சுகாதார நிறுவனம் 1985-லேயே சொல்லியிருந்தது.

ஆனால் அரசு ஆஸ்பத்திரியிலும் அது 36 சதவீதம். அங்கே கமிஷனும் இல்லை, பில்லும் இல்லை. அப்புறம் ஏன்? ஏதாவது ஆகிவிட்டால் பழி வருமே என்ற பயம், ராத்திரியில் ஆள் பற்றாக்குறை, வலி தாங்க முடியாது அறுத்துடுங்க என்கிற குடும்பம், நல்ல நேரம் குறித்துக்கொண்டு வரும் மாமியார். எல்லாவற்றுக்கும் காசுதான் காரணம் என்று முடித்துவிட்டால் பாதிதான் புரியும். ஊசி போட்டாத்தான் டாக்டர், குளுக்கோஸ் ஏத்தினாத்தான் வைத்தியம் என்று நினைப்பதும் நாம்தானே.

இன்னொரு பக்கம் இதைவிட ஆபத்து. 2018 ஜூலையில் திருப்பூரில் யூடியூப் பார்த்து வீட்டிலேயே பிரசவம் பார்க்க முயன்று ஒரு பெண் இறந்துபோனார். ஆஸ்பத்திரியே ஏமாற்று என்று பேசுகிறவர்களுக்கு இங்கே கூட்டம் சேர்கிறது. அளவுக்கு மீறிய சிகிச்சையைக் கேள்வி கேட்பதும், சிகிச்சையே வேண்டாம் என்பதும் வேறு வேறு. கத்ரே, சுக்லா இருவரும் அந்தக் கோட்டைத் தாண்டவில்லை. மருத்துவம் வேண்டும், அதுக்குக் கடிவாளமும் வேண்டும் என்பதே அவர்கள் வாதம்.

கடிவாளத்தின் கதை நம்ம நீதிமன்றங்களிலும் இருக்கிறது. டாக்டரிடம் போகும் நோயாளி நுகர்வோர் ஆகமாட்டார் என்று 1994-ல் சென்னை உயர் நீதிமன்றம் சொன்னது. அடுத்த வருஷமே உச்ச நீதிமன்றம் சாந்தா வழக்கில் அதை மாற்றியது: காசு கொடுத்துப் பெறும் சிகிச்சை நுகர்வோர் சட்டத்துக்குள் வரும்.

சம்மதம் பற்றிய தீர்ப்புக்கு 2008 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. டெல்லியில் சமீரா கோலி என்பவர் உள்ளே என்ன கோளாறு என்று பார்க்கும் சோதனைக்கு ஒப்புக்கொண்டு மயக்கத்தில் இருந்தார். வெளியே இருந்த அம்மாவிடம் கேட்டுவிட்டு, கர்ப்பப்பையையும் சினைப்பைகளையும் எடுத்துவிட்டார்கள். வயது வந்த பெண்ணுக்காக அம்மா கொடுத்த சம்மதம் செல்லாது என்றது உச்ச நீதிமன்றம். இழப்பீடு 25,000 ரூபாய்தான். ஆனால் என்ன நோய், என்ன செய்யப்போகிறோம், என்ன ஆபத்து, மாற்று வழி உண்டா என்பதை நோயாளிக்குச் சொல்லியாக வேண்டும் என்பது அதில் சட்டமானது. தமிழ்நாட்டில் தனியார் மருத்துவமனைகளை ஒழுங்குபடுத்தும் சட்டம் 1997-லேயே வந்தது. அதற்கான விதிகள் வந்தது 2018-ல். இடையில் 21 வருஷம்!

சட்டம் தெரிந்தாலும், கேள்வியை யாரிடம் போய்க் கேட்பது? பெரம்பலூர், அரியலூர் மக்களுக்குப் பெரிய ஆஸ்பத்திரி என்றால் நெடுங்காலம் திருச்சி அல்லது தஞ்சாவூர். அரியலூருக்கு அரசு மருத்துவக் கல்லூரி வந்ததே 2022-ல். ஜெயங்கொண்டத்திலிருந்து வாடகைக் கார் பிடித்துப் போகிறவர், 'இந்த ஸ்கேன் அவசியமா சார்?' என்று கேட்டுவிட்டுத் திரும்பி வர முடியுமா? வந்த செலவுக்காகவே எடுத்துவிட்டு வருவார்.

அதனால்தான் வேப்பூர் எனக்கு முக்கியமாகப் படுகிறது. அனைவருக்கும் மருத்துவம் என்ற முன்னோட்டத் திட்டத்துக்குத் தமிழ்நாட்டில் தேர்ந்தெடுத்த மூன்று ஒன்றியங்களில் பெரம்பலூர் மாவட்டத்து வேப்பூரும் ஒன்று. மற்றவை கிருஷ்ணகிரியின் சூளகிரி, புதுக்கோட்டையின் விராலிமலை. பெரிய கட்டடமெல்லாம் இல்லை. கிராமத்துத் துணை சுகாதார நிலையத்தைப் பலப்படுத்தி, பிரஷர், சுகர் மாத்திரைகள் அங்கேயே கிடைக்கச் செய்தார்கள். நர்சம்மாவுக்கு எதையும் விற்கவேண்டிய அவசியம் இல்லை. 2021 ஆகஸ்டில் மக்களைத் தேடி மருத்துவம் திட்டம் தொடங்கியதும் அதே சூளகிரி ஒன்றியத்துச் சாமனப்பள்ளியில்தான். கத்ரே புத்தகத்துக்கு எதிர்வினையாக இதைச் செய்தார்கள் என்று நான் சொல்லவில்லை. அந்தப் புத்தகம் கிளப்பிய கேள்விக்கு இந்தப் பக்கம் ஒரு பதில் தற்செயலாகவே முளைத்திருக்கிறது.

படிக்கிறவர்களுக்கு ஒரு தகவல். மருத்துவக் கவுன்சிலின் 2002 விதிகளின்படி, உள்நோயாளியின் மருத்துவப் பதிவேட்டைக் கேட்டால் 72 மணி நேரத்துக்குள் கொடுக்க வேண்டும். வாயால் கேட்காமல் தேதி போட்டு எழுதிக் கொடுத்து, இன்னொரு பிரதியில் பெற்றதற்குக் கையெழுத்து வாங்கிக்கொள்ளுங்கள். வேறொரு டாக்டரிடம் இரண்டாவது கருத்துக் கேட்கப் போகும்போது அந்தக் காகிதங்கள் கையில் இருந்தால், எல்லா டெஸ்ட்டையும் முதலிலிருந்து எடுக்கச் சொல்வது கொஞ்சம் கஷ்டம்.