நம் பெயர்களின் பூர்வீகம்

எந்த இந்திய முஸ்லிம் சங்கத்தின் பழைய உறுப்பினர் பதிவேட்டைப் புரட்டினாலும் மீரா சாகிபு, நெய்னா முகம்மது, பிச்சை ராவுத்தர், கனியம்மாள் என்ற பெயர்கள் வரும். இன்றைய பிறப்புப் பத்திரங்களில் அவை அநேகமாக இல்லை. “தாத்தா பெயர் முஸ்லிம் பெயர்தானா?” என்று பேரப்பிள்ளைகள் கேட்கிறார்கள். பிரிக்ஃபீல்ட்ஸிலோ கிள்ளானிலோ பல இனப் பிள்ளைகளோடு படிக்கும் குழந்தைக்கு இந்தச் சந்தேகம் வருவது இயல்புதான். ஆனால் பதில் தெரியாமல் பெரியவர்களே தலை குனிந்தால், ஒரு நல்ல பெயர் அந்தக் குடும்பத்தோடு முடிந்துவிடும்.

மீராவை எடுத்துக்கொள்வோம். பெயரைக் கேட்டதும் கண்ணனைப் பாடிய ராஜஸ்தானத்து மீராபாய்தான் பலருக்கு நினைவு வரும். நம் மீரா வேறு. ‘அமீர்’ என்ற அரபுச் சொல் பாரசீகத்தில் ‘மீர்’ ஆனது. அதன் பன்மை ‘மீரான்’. நாகூர் சாகுல் ஹமீது நாயகத்தை மீரான் சாகிபு என்றும் அழைப்பார்கள். நாகூர் வட்டாரத்திலும் அதற்கு அப்பாலும் எத்தனையோ ஆண்பிள்ளைகள் மீரா ஆனது அதனால்தான். சிவகங்கைக் கவிஞர் மீராவோ மூன்றாவது வகை: மீ. இராசேந்திரன் என்பதன் சுருக்கம் அது! ஒலி ஒன்று, வேர் மூன்று.

கனியும் இப்படித்தான். அப்துல் கனி என்பதிலுள்ள ‘ஙனி’ இறைவனின் திருநாமங்களில் ஒன்று. எவரிடமும் தேவையற்றவன் என்று பொருள். தமிழ் எழுத்தில் அது கனியானதும் மா, பலாவோடு சேர்ந்துகொண்டது. கனியம்மாள் என்று பெண்ணுக்கு வைத்தபோது பெற்றவர் மனத்தில் இருந்தது திருநாமமா, பழமா? இரண்டும் இருந்திருக்கும் என்றே எனக்குத் தோன்றுகிறது. நிஷாவுக்கும் இரண்டு வீடு. வடமொழியில் இரவு. மெகருன்னிஷாவில் வருவதோ ‘நிஸா’, அதாவது பெண்கள். மெகருன்னிஷா என்றால் பெண்களில் சூரியன் போன்றவள். பேரரசி நூர்ஜஹானின் இயற்பெயர் அது. நம் வீடுகளில் அதைச் சுருக்கி நிஷா என்று கூப்பிட, சூரியன் இரவாகிவிடுகிறது.

ஒலி ஒற்றுமையை வைத்து வம்சாவளி எழுதுவது ஆபத்தான வேலை. ராவுத்தர் வீடுகளில் தந்தையை ‘அத்தா’ என்கிறோம். துருக்கியில் தந்தை ‘அத்தா’. 1934-ல் முஸ்தபா கமாலுக்குச் சூட்டிய ‘அத்தாதுர்க்’ என்ற பெயரும் துருக்கியரின் தந்தை என்பதே. ஆகவே நாம் துருக்கியர் வழி என்று சொல்வோர் உண்டு. ஆனால் அத்தன் என்பது தேவாரத்திலேயே வரும் பழந்தமிழ்ச் சொல். அரபு ‘உம்ம்’, தமிழ் ‘அம்மா’, மலாய் ‘எமாக்’ மூன்றும் ஒத்திருக்கின்றனவே என்றால், உதட்டை மூடித் திறந்தால் வரும் மகர ஒலி எந்த ஊர்க் குழந்தைக்கும் எளிது, அவ்வளவுதான். ராவுத்தர் என்ற சொல்லுக்குக் குதிரை வீரர் என்று பொருள். அருணகிரிநாதர் மயிலேறும் முருகனையே இராவுத்தன் என்று அழைத்திருக்கிறார்.

இதற்கு மாறாக, பார்வைக்கு வேறாகத் தெரியும் சில பெயர்கள் உண்மையில் ஒன்றே. யூசுஃபும் ஜோசப்பும் தமிழ்க் கத்தோலிக்கரின் சூசையும் ஒரே நபியின் பெயர்; சூசை போர்த்துகீசியர் வாய்வழி வந்தது. யஹ்யாவும் யோவானும் அப்படியே. நம்மிடையிலேயே பாருங்கள்: முஹ்யித்தீன் என்றால் மார்க்கத்திற்கு உயிரூட்டுபவர். 1166-ல் பக்தாதில் மறைந்த அப்துல் காதிர் ஜீலானி அவர்களின் பட்டம் அது. தமிழ்நாட்டில் முகைதீன், மொய்தீன், மைதீன் என்றெல்லாம் தேய்ந்தது. இந்நாட்டின் எட்டாவது பிரதமர் முஹிதீன் யாசினின் பெயரும், நாம் சாமான் வாங்கப் போகும் மைடின் பேரங்காடியின் பெயரும் ஒரே பெயர் என்று பிள்ளைகளுக்குச் சொல்லிப் பாருங்கள், நம்ப மாட்டார்கள்! கீழக்கரை வள்ளல் ஷெய்கு அப்துல் காதிர் தமிழர் நாவில் சீதக்காதி ஆனதும் இதே கதைதான். மலாக்காவின் முன்ஷி அப்துல்லாவின் தந்தையும் ஓர் அப்துல் காதிர். 1849-ல் அச்சான ‘ஹிகாயத் அப்துல்லா’வில், தாம் தமிழ் படிக்க அனுப்பப்பட்டதை முன்ஷி எழுதியிருக்கிறார்.

அரபியின் ‘ளாத்’ எழுத்து இன்னொரு வேடிக்கை. தமிழர் அதை ளகரமாகவோ லகரமாகவோ சொன்னார்கள். ரமளான், ரமலான் அப்படி வந்தவை. அதே எழுத்துள்ள பெயர் இலங்கையில் பளீல், இங்கே மலாய்க்காரரிடம் ஃபட்சில். வேடிக்கை பத்திரம் எழுதும்போது நின்றுவிடும். தகப்பனாரின் இந்தியப் பாஸ்போர்ட்டில் ஓர் எழுத்து, இங்குள்ள அடையாளக் கார்டில் வேறு, நிலப் பத்திரத்தில் மூன்றாவது என்றால், மூவரும் ஒருவரே என்று சத்தியப் பிரமாணம் எழுதும் வேலை வாரிசுகளின் தலையில் விழுகிறது. அப்துல், சாகுல் என்று பாதியில் வெட்டிப் பதிவதும் கூடாது. அப்துல் என்றால் ‘இன்னாரின் அடியான்’. அந்த இன்னார் யார் என்பதையே விட்டுவிட்டால் என்ன மிஞ்சும்?

நெய்னாவை இந்திப் பாட்டில் வரும் கண்கள் என்று நினைப்பவர்கள் உண்டு. இது நயினார், தலைவர் என்ற பொருளுள்ள சொல். தமிழ்ச் சமணர்களும் இன்றுவரை இப்பட்டத்தை வைத்திருக்கிறார்கள். மரைக்காயர் என்பதை மரக்கலத்திலிருந்து பிரிப்பவர்களும் உண்டு, அரபு ‘மர்கப்’பிலிருந்து பிரிப்பவர்களும் உண்டு. இரண்டுக்கும் கப்பல் என்றே பொருள் என்பதால் இந்த வழக்கில் தோற்பவர் எவருமில்லை. பினாங்குக்கு வந்த மரைக்காயர்கள் ஆங்கில எழுத்தில் ‘மெரிக்கன்’ ஆனார்கள். அமெரிக்காவுக்கும் அவர்களுக்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை. 2013 முதல் 2022 வரை கெப்பாலா பத்தாஸ் நாடாளுமன்ற உறுப்பினராக இருந்தவர் ரீசால் மெரிக்கன் நைனா மெரிக்கன். அந்தப் பெயரின் பின்பாதியை நம் வீட்டுத் தமிழில் படித்தால் நெய்னா மரைக்காயர்.