யானைமலையை வரைந்த கண்கள்

நிலமும் பொழுதும் முதற்பொருள் எனத் தொல்காப்பியம் வகுத்தது. அவ்விரண்டையும் சொல்லால் தீட்டிய புலவர் தமிழில் பலர்; கோட்டால் தீட்டியோர் சிலரே. அச்சிலருள் ஒருவர் மதுரை மனோகர் தேவதாஸ்.

1936ஆம் ஆண்டு மதுரையில் பிறந்த இவர், ஓவியப் பள்ளி எதிலும் பயின்றவர் அல்லர். அமெரிக்கன் கல்லூரியில் வேதியியல் கற்றுச் சென்னையில் பாட்டரித் தொழிற்சாலையில் பணிபுரிந்தவர். ஓவியத்தில் இவருக்கு ஆசானாய் அமைந்தது ஊரே. வைகை மணலும், நகரைச் சூழ்ந்த வயல்வெளியும், சிறுவராய் நீந்திய பச்சைநிறக் கிணறும் இவர்தம் நெஞ்சில் பதிந்தன. 1997இல் வெளிவந்த இவருடைய ஆங்கிலப் புதினமாகிய 'கிரீன் வெல் இயர்ஸ்' அக்கிணற்றின் பெயரையே தாங்கியது. வண்ணத்தை விடுத்துப் பேனாவும் மையும் கொண்டு, நுண்கோடுகளை நெருக்கியும் விலக்கியும் வெயிலையும் நிழலையும் பிரித்துக் காட்டினார்.

இக்கலையை அவர் வளர்த்த சூழல் எளிதானதன்று. பார்வையை ஓரத்திலிருந்து மெல்லச் சுருக்கும் விழித்திரை நோய் அவரைப் பற்றியது. 1972இல் நேர்ந்த சாலை விபத்தில் துணைவியார் மகிமா தோளுக்குக் கீழே இயக்கம் இழந்தார். 2008இல் அவர் மறையும்வரை தேவதாஸ் உடனிருந்து பேணினார். காணும் பரப்பு குறுகக் குறுக, கண்டதை முழுமையாய்ப் பதிந்துவிடும் வேட்கை பெருகிற்று எனலாம். தாம் வளர்ந்த நகரை வரைந்தும் எழுதியும் அவர் தொகுத்த நூல் 2007இல் வெளிவந்தது.

அவர் வரைந்த யானைமலை வெறும் பாறையன்று. மாறன்காரி தொடங்க, தம்பி மாறன் எயினன் நிறைவித்த நரசிங்கப்பெருமாள் குடைவரை அங்குள்ளது. அதன் கல்வெட்டு கி.பி. 770ஆம் ஆண்டினது. அம்மலையில் சிற்ப நகரம் அமைக்கும் திட்டம் 2010இல் எழுந்தபோது ஊரார் திரண்டு எதிர்த்தனர், மலை பிழைத்தது. கல்வெட்டு கோயிலெடுத்தோரைக் காட்டும். மலையை அணைந்து கிடந்த வயலின் தோற்றத்தை அதனிடம் கேட்க இயலாது. அதனைக் கூறுவது தேவதாஸின் கோடே. 2020இல் பத்மஸ்ரீ விருது பெற்ற அவர் 2022 டிசம்பரில் மறைந்தார். கண்ணுக்கு எட்டாமற்போன காட்சிகள் தாளில் எஞ்சியுள்ளன.

பாலாற்றுக்கும் பாறைக்குன்றுகளுக்கும் இடைப்பட்ட சத்துவாச்சாரியில் வாழ்வோர்க்கு இவ்வரலாறு அயலானதன்று. தோல் பதனிடும் ஆலைகளின் கழிவுநீர் பாலாற்றுப் படுகைக்கு விளைத்த கேட்டை 1996இல் உச்ச நீதிமன்றத் தீர்ப்பு எடுத்துரைத்தது. தீர்ப்பேட்டில் கேட்டின் கணக்கு உண்டு; ஊற்றுத் தோண்டி நீர் மொண்ட கைகளின் நினைவு அதில் இல்லை. அந்நினைவு கொண்ட முதியோர் இன்னும் நம்மிடையே உள்ளனர். பள்ளியில் கல்லாத ஒருவர் மதுரைக்குச் செய்த பணியைப் பாலாற்றுக்குச் செய்யத் தூரிகையே வேண்டுவதில்லை. கவிஞர்தம் எழுதுகோலும் போதும். காலந்தான் குறைவு.