கொள்ளையர் செய்த சத்தியம்

கடற்கொள்ளையரைப் பற்றிய கதைகளிலே, ஒரே கப்பலில் செல்பவர்கள் ஒருவருக்காக ஒருவர் உயிரையும் கொடுக்கத் துணிந்தவர்களாக வருவது வழக்கம். சரித்திரத்தில் நாம் காணும் கொள்ளைக் கப்பலோ, தோழனை அவ்வளவு சுலபமாக நம்பாத மனிதர்கள் தங்கள் சந்தேகத்தையே அஸ்திவாரமாக இட்டு எழுப்பிக்கொண்ட ஒரு விசித்திரமான குடியரசு.

வேல்ஸ் தேசத்தவனான பார்த்தலோமியு ராபர்ட்ஸ், 1719-இல் மேற்கு ஆப்பிரிக்கக் கரையில் கொள்ளையரிடம் அகப்பட்டு, சில வாரங்களுக்குள் அவர்களாலேயே தலைவனாகத் தெரிந்தெடுக்கப்பட்டவன். அவ்வாண்டின் பிற்பகுதியில், தென் அமெரிக்கக் கரையோரமாக, கண்ணில் பட்ட வேறொரு கப்பலைத் துரத்திக்கொண்டு அவன் சிறு கப்பலொன்றில் போயிருந்த சமயம் பார்த்து, காவலுக்கு நிறுத்தப்பட்டிருந்த வால்ட்டர் கென்னடி பெரிய கப்பலையும் கொள்ளைப் பொருளையும் அபகரித்துக்கொண்டு ஓடிவிட்டான். அதன் பின்னரே ராபர்ட்ஸும் எஞ்சியவர்களும் உடன்படிக்கை ஒன்று எழுதி, வேத புத்தகத்தின்மீது சத்தியம் செய்துகொண்டார்கள். கென்னடி ஐரிஷ் வம்சத்தவன் என்பதால், ஐரிஷ்காரர் எவரையும் இனிச் சேர்ப்பதில்லை என்றும் தீர்மானித்தார்களாம்; ஒருவன் செய்த துரோகத்துக்கு ஒரு ஜாதியையே தண்டிப்பது கொள்ளையருக்கு மட்டும் உரிய வழக்கமன்று.

காப்டன் ஜான்சன் என்பவர் கடற்கொள்ளையரைப் பற்றி எழுதி, 1724-இல் லண்டனில் வெளியான நூல் அந்த உடன்படிக்கையின் ஷரத்துக்களைத் தருகிறது. முக்கிய விஷயங்களில் ஒவ்வொருவனுக்கும் ஒரு வாக்கு. பொதுச் சொத்தில் ஒரு டாலர் பெறுமானத்தை மறைத்தவனுக்கும் ஆளற்ற கரையில் தனியே விடப்படும் தண்டனை. பணம் வைத்துச் சூதாடுதல் கூடாது. கப்பலுக்குள் கைகலப்புக் கூடாது, பூசல்களைக் கரைக்குப் போய் வாளாலும் துப்பாக்கியாலும் தீர்த்துக்கொள்ளலாம். ஆளுக்கு ஆயிரம் பவுன் சேரும்வரை பிரிந்து போவதைப் பற்றிப் பேசவும் கூடாது. தலைவனுக்குங்கூட இரண்டு பங்குதான். போரிலும் துரத்தலிலும் மட்டுமே அவன் சொல் சட்டம். மற்ற வேளைகளில் அவனுக்குத் தடையாக நிற்க, கூட்டத்தாரே தேர்ந்த குவார்ட்டர்மாஸ்டர் ஒருவன் இருந்தான்.

இத்தனை ஏற்பாட்டுக்கும் பிறகு, கப்பலோட்டும் பொறுப்பிலிருந்த ஹாரி கிளாஸ்பி வேறு இருவரோடு தப்பியோட முயன்று பிடிபட்டான். விசாரணை நடந்தது, பஞ்சாயத்தார் நடுவே ஒரு பெரிய பாத்திரம் நிறைய மதுவும் இருந்தது. மூவருக்கும் மரணம் என்று தீர்ப்பாகவிருந்த தறுவாயில், வாலன்டைன் ஆஷ்பிளான்ட் என்பவன் எழுந்து, கிளாஸ்பி சாகக்கூடாதென்று துப்பாக்கியும் கையுமாக வாதாடி அவனை மீட்டான். மற்ற இருவரும் சுடப்பட்டனர்.

1722 பிப்ரவரியில், ஆப்பிரிக்கக் கரையிலுள்ள லோப்பஸ் முனையருகே ஆங்கிலேய யுத்தக் கப்பலான ஸ்வாலோவின் குண்டுக்கு ராபர்ட்ஸ் இரையானான். கேப் கோஸ்ட் கோட்டையில் நடந்த விசாரணையில் 52 பேர் தூக்கிலிடப்பட்டார்கள். ஆஷ்பிளான்ட் அவர்களில் ஒருவன். மனமின்றியே கொள்ளையரோடு இருந்தான் என்று கண்டு, கிளாஸ்பியை நீதிமன்றம் விடுதலை செய்தது. அவன் தப்பியோட முயன்ற குற்றமே அங்கே அவனுக்குச் சாட்சியாயிற்று.